கீழ்த்தட்டு

கணேசபுரம் சுரங்கப்பாதையில்
லாரியின் நெற்றி மட்டும் தெரிந்த வாரம்.
கால்வாய் நூலகத்துக்குள் வந்தது,
உறுப்பினர் அட்டை இல்லாமல்.
மேல்தட்டுகளைத் தொடவில்லை.
கீழ்த்தட்டில் இருந்ததையெல்லாம்
மூன்று நாள் வைத்திருந்துவிட்டு
சேறோடு திருப்பித் தந்தது.

நான் அங்கே பெருக்குகிறவள்.
மாதம் மூவாயிரம். எட்டாவது வரை படிப்பு.
நூலகர் எபினேசர் சாருக்கு முழங்கால் வலி,
அதனால் நானும் டில்லியும்தான்
மொட்டை மாடிக்குச் சுமந்தோம்.
நானூற்றுப் பதினாறு.
ஒவ்வொன்றும் ஈரத்தில்
தூங்கிப்போன குழந்தையின் கனம்.

பக்கத்து மாடி நூர்ஜகான் அக்கா
துணிக் கிளிப் டப்பாவை நீட்டினாள்.
"அறுபது இருக்கு. அறுபதும் வரணும்."
மெலிந்தவை கொடியில்.
தடித்தவை கைப்பிடிச் சுவரில், விரித்து.
வியாசர்பாடி ஜீவாவில் ரயில் கிளம்பினால்
எல்லாம் சேர்ந்து நடுங்கும்.

முதுகில் ஒட்டிய எண்கள் கழன்றுவிட்டன.
பாதிக்கு அட்டையும் இல்லை.
சார் படிக்கட்டுக்குக் கீழேயிருந்து கத்தினார்:
வரலாறு தனி, கல்வி தனி,
பண்பாடு தனி, கதை தனி.
எது எதுன்னு எப்படி சார் தெரியும்?
"உள்ள பாரு."

பார்த்தேன்.

ஒரு ராணி. கோட்டை விழுந்த இரவில்
உப்பில்லாத கஞ்சி குடிக்கிறாள்.
வரலாறு என்று வைத்தேன்.
நாலு பக்கம் தள்ளி யானை அவளிடம் பேசியது.
எடுத்துக் கதையில் போட்டேன்.

அடுத்ததில் வெறும் தேதி, தானியக் கணக்கு.
துறைமுகத்தில் மலைமலையாக அரிசி,
வெளியே கால் நீட்டிச் செத்த ஜனம்.
இப்படி நடக்குமா, கதைதான் என்றேன்.
சார் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு
"அதாம்மா வரலாறு" என்றார்.

ஒன்பதாம் வகுப்புக் கணக்கு வழிகாட்டி,
ஓரத்தில் பென்சிலில்:
"மேகலா, பேசின் பிரிட்ஜ், அஞ்சு மணி.
வரலன்னா நான் போயிடுவேன்."
வந்தாளா?
விடைகள் கடைசிப் பக்கத்தில் இருக்கும்.
அந்தப் பக்கத்தைத் தண்ணீர் தின்றிருந்தது.

குத்துச்சண்டை விதிமுறைகள்.
டில்லி அதைக் கையில் வாங்கி
இடது காலை முன்வைத்து நின்றான்.
"இது இன்னாத்துல வரும்?"
கல்வி என்றேன்.
பண்பாடு என்றான்.
அரைமணி நேரம் சண்டை. படத்தில் போட்டபடியே.

இன்னொன்றில் ஒப்பாரி.
எங்கள் தெருவில் போன மாதம் அழுத வரி
அப்படியே அச்சில் இருந்தது.
அதற்குக் கீழே சின்ன எழுத்தில் அர்த்தம்.
அழுதவளுக்குத் தெரியுமா
அவள் கீழே இத்தனை எழுதலாம் என்று.

ஒரு நாவலும் மீன்கள் பற்றிய புத்தகமும்
ஒட்டிக்கொண்டு பிரிய மறுத்தன.
பிரித்தபோது
வஞ்சிரத்தின் வயிற்றில்
நாவலின் ஒரு வரி, திருப்பிப்போட்ட எழுத்தில்.
நூர்ஜகான் அக்கா வீட்டுக் கண்ணாடியில் காட்டி
எழுத்துக் கூட்டினோம்:
அவன் வரமாட்டான் என்பதை
மூன்றாம் நாள்தான் நம்பினாள்.
அக்கா ஒன்றும் சொல்லவில்லை.
அடுப்பில் ஏதோ இருக்கிறது என்று போனாள்.
அவள் தம்பி காசிமேட்டில் விசைப்படகில் போகிறவன்.

ஐந்தாம் நாள் வெயில் கொஞ்சம் மனசு வைத்தது.
புத்தகங்கள் காய்ந்து
அப்பளம் மாதிரி அலையலையாய் எழுந்து
மூட மறுத்தன.
சார் மேலே ஏறி வந்தார், வலியோடு.
நாலு அடுக்கு சொன்னேன், இங்கே அஞ்சு இருக்கே?

இது தெரியாதது சார்.
எல்லாமும் கொஞ்சம் கொஞ்சம் இருக்கிறது.

அவர் குனிந்து மேலாக ஒன்றை எடுத்தார்,
நின்றபடியே இரண்டு பக்கம் படித்தார்,
மறுபடி அங்கேயே வைத்தார்.
ஆணையில் அப்படி ஒரு பிரிவு கிடையாது என்றார்.
ஆனால் எடுத்துக் கலைக்கவில்லை.

சாயங்காலம் கிளிப் திருப்பிக் கொடுத்தேன்.
அக்கா இரண்டு தரம் எண்ணினாள்.
ஐம்பத்தொன்பது.
எங்கயாவது விழுந்திருக்கும் அக்கா என்றேன்.

விழவில்லை.
நீலக் கலர் கிளிப்.
ராணி கஞ்சி குடித்து முடிக்காத பக்கத்தில்
கடித்துக்கொண்டு இருக்கிறது.
நாளைக்குப் பெருக்கிவிட்டு
அங்கிருந்து.