ஐந்தாம் எதிர்மனுதாரருக்குக் கீழே

பெரியபட்டினம் கடற்கரைச் சாலை,
கம்பம் எண் நாற்பத்தேழு பை மூன்று.
அதிலிருந்து ஜுலைகாம்மா வீட்டு வாசல்
இருபத்திரண்டு மீட்டர்.
டேப் பிடித்து அளந்தவன் நான்.
அந்த இருபத்திரண்டு மீட்டரைக் கடக்கக்
கரண்டுக்கு
ஒரு வருசமும் ஏழு மாசமும் ஆயிற்று.

வீடு முடிந்துவிட்டது என்பது
பார்த்தவர்களுக்குத் தெரியும்.
மவுலூது ஓதி நெய்ச்சோறு போட்டார்கள்,
நானும் சாப்பிட்டேன்.
முடிந்தது என்று எழுதிய தாள்தான் இல்லை.
வரைபடத்தில் இல்லாத மாடிப்படி அறை ஒன்று.
வடக்கே விட வேண்டிய இடத்தில்
ஒன்றரை அடி குறைவு.
போதாததற்கு,
கடலிலிருந்து எத்தனை மீட்டர் என்று ஒரு கேள்வி.
சர்வேயர் வந்த அன்று தண்ணீர் வற்றிக் கிடந்தது.
கச்சான் அடிக்கும் மாசத்தில் வந்திருந்தால்
வேறு எண் எழுதியிருப்பார்.

பஞ்சாயத்தில் கேட்டால் ராமநாதபுரம் போ என்றார்கள்.
ராமநாதபுரத்தில்
இடிக்க வேண்டியதை இடித்துவிட்டு வா என்றார்கள்.
சன்ஷேடை வெட்டினாள்.
இப்போதும் வடக்குச் சுவரில்
கம்பிகள் நீட்டிக்கொண்டிருக்கும்,
துரு ஒழுகி.
மாடிப்படி அறையை மட்டும் தொடவில்லை.
'மழைத் தண்ணி எம்மகள் படுக்கையில எறங்கும்ணே,
அதை எந்த வரைபடத்துல போடுவீங்க?'

தற்காலிக இணைப்புக்கு
யூனிட் விலை கேட்டுத் திரும்பி வந்தாள்.
பக்கத்து வீட்டு சபூராத்தா
தென்னைகளுக்கு நடுவே ஒரு பச்சை ஒயர் விட்டாள்.
ஒரு பல்பு, ஒரு பேன். பதினோரு நாள்.
யாரோ எழுதிப் போட்டார்கள்.
அறுக்கப் போனவனும் நான்தான்.
ஒயரைச் சுருட்டி
ரிஜிஸ்டரில் ஏற்றாமல்
அவள் கையிலேயே கொடுத்தேன்.
வாங்கிக்கொண்டாள். அன்று டீ தரவில்லை.

பிரிட்ஜுக்குள் பள்ளிக்கூடச் சீருடை அடுக்கியிருந்தாள்.
குவைத்திலிருந்து வீட்டைக் காட்டு என்று அவர் கேட்டால்
பகலில் பேசுங்க என்பாள்.

பிறகு மதுரையில் ரிட் மனு.
ஒன்றாம் எதிர்மனுதாரர் சென்னையில் இருந்தார்.
ஐந்தாமவர் எங்கள் உதவிப் பொறியாளர்.
அவருக்குக் கீழே எனக்கு எண் கிடையாது.
பதில் மனுக் கட்டை மதுரைக்குக் கொண்டுபோனது
எண் இல்லாத என் மடிதான்.
பரமக்குடி தாண்டியதும் பிரித்துப் படித்தேன்:
'மனுதாரர் தாமே தேடிக்கொண்ட இன்னல்.'
மானாமதுரை வரை
மூடாமல் வைத்திருந்தேன் அந்தப் பக்கத்தை.

என் வீட்டையும் சொல்லிவிடுகிறேன்.
ஓடைப் புறம்போக்கு. வரைபடமே கிடையாது.
இரண்டு பல்பு, மிக்சி, டிவி எல்லாம் ஓடுகிறது.
சான்று எங்கே என்று யாரும் கேட்டதில்லை.
எங்கள் தெருவில் கேட்க வேண்டியவன்
நானாகத்தான் இருந்தேன்.

உத்தரவு வந்தது ஒரு வெள்ளிக்கிழமை.
இரண்டு வாரத்துக்குள் இணைப்பு கொடு,
இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டு.
'கட்டுப்பட்டுன்னா என்னண்ணே?'
'பிறகு பிடுங்கச் சொன்னாலும் சொல்வாங்கம்மா.'
'அதுவரைக்கும் பில்லு எம்பேர்ல வருமா?'
வரும் என்றேன்.
வக்கீல் கேட்டிருந்தாராம்,
இந்த வீட்டில்தான் இருக்கிறாள் என்பதற்கு
கரண்ட் பில் இருக்கிறதா என்று.

ஏணி சாத்தினேன்.
கம்பத்து உச்சியிலிருந்து பார்த்தால்
கடல் ஒன்றும் கிட்டத்தில் இல்லை,
தூரத்திலும் இல்லை.
கீழே அந்தப் பிள்ளை
சுவிட்சில் விரல் வைத்தபடி நின்றது,
'போடவா, போடவா' என்று.

உப்புக்காற்று ஊர்.
சாதாரணமாகக் கம்பியை மூன்று சுற்றுச் சுற்றுவோம்.
இதற்கு ஐந்து சுற்றினேன்,
பிளையரால் நெரித்து, டேப்பும் போட்டு.
கழற்றச் சொன்னால்
கழற்றப் போகிறவனும் நான்தான்.
கொஞ்சம் நேரம் பிடிக்கும்.