நான்கு ஐம்பத்தெட்டு

மூன்றாம் எண் சன்னலில் உட்காருபவள் நான்.
பிஷ்கெக்கில் ஜூலை வெயில்;
மின்விசிறி காகிதங்களை மட்டும் அசைக்கிறது.
கண்ணாடியில் நானே ஒட்டிய அறிவிப்பு:
அசல் சான்றிதழ்கள்
இருபத்தைந்தாம் தேதி மாலை ஐந்து மணி வரை.
'வரை'க்குக் கீழே அடிக்கோடு,
அளவுகோல் வைத்துப் போட்டது.

ஐந்துக்குச் சன்னலை இறக்கினேன்.
இரண்டு பேர் வரவில்லை.
ஐந்து பத்துக்கு மேல்மாடியிலிருந்து தொலைபேசி:
"ஒரு கோப்பு வருது, புருலாய்.
நான்கு ஐம்பத்தெட்டுன்னு போட்டுடு."
கோப்பு வந்தது, ஓட்டுநர் கையில்.
தெமிர்லான் என்ற பெயர் வந்தது.
தெமிர்லான் வரவில்லை.
போட்டேன்.
எட்டின் இரண்டு வட்டங்களும்
அழகாகவே விழுந்தன.

ஐந்து இருபதுக்குக் கண்ணாடியில் விரல்முட்டி.
கோச்கோரிலிருந்து வருகிறானாம்.
போம் மலையிடுக்கில் சேறு சரிந்து
காலையிலிருந்தே சாலை அடைபட்டிருக்கிறதாம்.
பேருந்தை விட்டிறங்கிச் சேற்றில் நடந்து
அந்தப் பக்கம் தர்பூசணி லாரி பிடித்தானாம்.
ஒவ்வொன்றுக்கும் நான் ஓர் 'ஆம்' ஒட்டிக்கொண்டே கேட்டேன்.
முழங்கால்வரை காய்ந்திருந்த மண்ணில்
அதை ஒட்ட இடமில்லை.

சட்டைக்குள்ளிருந்து எடுத்தான்,
ரொட்டி சுற்றிய பிளாஸ்டிக் உறையில் சான்றிதழ்.
ஒரு மூலை ஈரம்.
"நேரம் முடிஞ்சாச்சு. விதி எல்லாருக்கும் ஒண்ணுதான்"
என்றது ஒரு குரல்.
என்னுடையதுதான்.
பக்கத்தில் நான்கு ஐம்பத்தெட்டின் மை
இன்னும் காயவில்லை.

இதோடு முடிந்திருந்தால்
நல்லதொரு குற்றவுணர்ச்சி கிடைத்திருக்கும்,
வீட்டுக்கு எடுத்துப்போய் அழுதிருப்பேன்.
நடைவழிப் பெஞ்சில்
காலை எட்டிலிருந்து ஒருத்தி உட்கார்ந்திருக்கிறாள்.
காத்திருப்போர் பட்டியலில் முதல் பெயர், ஜிப்பார்குல்.
பன்னிரண்டாம் தேதியே வந்துவிட்ட தாள்கள்,
ஓர் ஓரம் மடங்கவில்லை.
யாராவது வராமல் போகவேண்டும்,
அதுதான் அவளுக்கு மிச்சமிருந்த வழி.
அதற்காக வேண்டிக்கொண்டாளா என்று
நான் கேட்கப்போவதில்லை.
பகலெல்லாம் கடிகாரத்தைப் பார்த்தவள்
இப்போது என்னைப் பார்த்தாள்.

ஓட்டுநரைப் பார்த்திருப்பாள்.
நான் எழுதியதையும்.

எங்கள் பதிவேட்டில் எதையும் அழிக்கக்கூடாது.
ஒற்றைக் கோடு இழுத்து,
மேலே சரியானதை எழுதி,
பக்கத்தில் சிறுகையொப்பம் இடவேண்டும்.
அதுவும் விதிதான், யாரும் அடிக்கோடு போடாதது.

நான்கு ஐம்பத்தெட்டின்மேல் கோடு இழுத்தேன்.
ஐந்து பதினாறு.
கீழ்வரியில், எல்தோஸ், ஐந்து இருபது.
கடைசியில் 'காரணம்' என்றொரு பத்தி உண்டு;
பதினோரு ஆண்டுகளில்
அதன் அகலத்தைக்கூட நான் கவனித்ததில்லை.
எல்தோஸுக்கு நேரே எழுதினேன்: சாலை.
மேல்வரிக்கும் ஏதாவது எழுதத்தானே வேண்டும்?
எழுதினேன்: தொலைபேசி.

"அப்ப எனக்கு?" என்றாள் ஜிப்பார்குல்.
தெரியாது. திங்கட்கிழமை குழு கூடும்.
சாலையை ஒப்புக்கொள்வார்களோ,
தொலைபேசியை ஒப்புக்கொள்வார்களோ,
இரண்டையும் தள்ளுவார்களோ,
என்னையும் சேர்த்தோ.

எல்தோஸ் பெஞ்சின் மறுமுனையில் உட்கார்ந்தான்.
கால்சட்டையிலிருந்து மண் உதிர்ந்தது.
நடுவே இருந்த தன் பையை
அவள் நகர்த்தவில்லை.
நகர்த்த வேண்டியதும் இல்லை.