விளம்பரப் பதிவேடு

இருபத்தைந்தாவது ஆண்டு மலருக்கு
நிலையத்தின் வரலாறு வேண்டுமாம். இரண்டு பக்கம்.
என்னிடம் வரலாறு இல்லை.
பதினொரு பதிவேடுகள் இருக்கின்றன,
எந்தப் பாட்டுக்குப் பின்னால் எவருடைய காசு ஒலித்தது
என்ற கணக்கு மட்டும்.

முதல் வரி, தொண்ணூற்று மூன்று, மாசி:
கோபாலபிள்ளை மளிகை.
கத்தரிக்காய் இறாத்தல் தொண்ணூற்றொன்பது சதம்.
ஸ்காபரோவில் ஒரு பல்வைத்தியருக்கு மேல்மாடி.
அவர் துளைக்கிற சத்தம் எங்கள் பாட்டில் ஏறாதிருக்க
சுவரெல்லாம் முட்டைத் தட்டு ஒட்டினோம்.
ஏறியது.
அது என்ன வாத்தியம் என்று
மிசிசாகாவிலிருந்து ஒருவர் கேட்டு எடுத்தார்.

சாதாரண றேடியோவில் நாங்கள் அகப்படமாட்டோம்.
இன்னொரு நிலையத்தின் அலைக்குள்
ஓர் ஓரத்தில் வாடகைக்கு இருந்தோம்.
எங்கள் நேயர்களைப் போலவே
எங்கள் குரலும் பேஸ்மென்டில்.
மேல்வீட்டில் இங்கிலீசில் காதலித்துக்கொண்டிருப்பார்கள்,
கீழே நாங்கள்
தலை இடிக்காமல் குனிந்து பாடுவோம்.
கேட்பதற்கென்று ஒரு பெட்டி,
நூற்றிருபது டொலர், மூன்று தவணை.
மூன்றாம் தவணை கட்டாதவர் பட்டியல்
இன்னும் என்னிடம் இருக்கிறது.
கோபாலபிள்ளை அதில் இருக்கிறார்.

தொலைபேசி அட்டை வந்தது:
ஐந்து டொலருக்குக் கொழும்பு பதினொரு நிமிடம்.
பிறகு கார் ஓட்டப் பழக்குகிறவர்,
அகதி வழக்குக்கு வக்கீல்,
பிறகு வெள்ளம் மாதிரி வீட்டு முகவர்கள்,
ஒவ்வொருவருக்கும் தன் சிரிப்பும் சேர்ந்து ஒலிக்க வேண்டும்.
சிரிப்புக்கு நாலு விநாடி. அதற்கும் காசுதான்.

இரவுப் பாட்டுக்கு நிமலேந்திரன்.
பகலெல்லாம் பம்பர் தொழிற்சாலை,
இரவில் தேன்.
ஒரு மார்கழி, பாட்டு முடிந்தது, அவர் எழும்பவில்லை.
பதிவேட்டில் என் கையெழுத்து:
12.40 முதல் 12.51 வரை நிசப்தம். விளம்பரதாரர் இல்லை.
ஒரேயொரு அழைப்பு வந்தது.
பெயர் சொல்லாத ஒரு பெண்.
"மூச்சுக் கேட்குது. எழுப்பாதேங்கோ."

பணம் பாட்டில் இல்லை என்பதைப் பிந்தித்தான் கண்டோம்.
மாலை ஆறரை, மரண அறிவித்தல்.
ஊரே சத்தத்தைக் கூட்டி வைக்கிற நேரம்.
சொல்லுக்கு விலை.
மருமக்களை வெட்டினால் இருபது டொலர் மிச்சம் என்று
கண்ணீருக்கு நடுவே கணக்குப் பார்ப்பார்கள்.
பிரம்டனில் ஒரு அக்கா
தம்பியின் பெயரை மட்டும் எடுக்கச் சொன்னார்.
எடுத்தேன்.
மறுநாள் தம்பி வந்து, நாற்பது டொலரை மேசையில் வைத்து,
தன் பெயரை மட்டும்
தனியாக வாசிக்கச் சொன்னார்.

இரண்டாயிரத்து ஒன்பது, வைகாசி.
பாட்டு என்ற கட்டத்தில் கோடு, கோடு, கோடு.
பதினேழு நாள்.
முதலாளி குணநாயகம் விளம்பரங்களையும் நிறுத்தினார்.
அரிசிக் கடைக்காரர் காசு திருப்ப வேண்டாம் என்றார்.
நகைக் கடைக்காரர் கேட்டு வாங்கினார்.
இரண்டு பெயரையும் எழுதி வைத்திருக்கிறேன், சொல்லமாட்டேன்.
பதினெட்டாம் நாள்
முதல் பாட்டைப் போட ஒருவருக்கும் கை வரவில்லை.
மெத்தை விளம்பரம்தான் முதலில் திரும்பி வந்தது.
அதன் முதுகுக்குப் பின்னால் ஒளிந்து
ஒரு பாட்டு.

இப்போது கைப்பேசியில் உலகம் முழுக்கக் கேட்கலாம்.
கேட்கிறார்களோ தெரியாது.
பெட்டி என் வீட்டுக் குளிர்சாதனப் பெட்டிக்கு மேலே.
போட்டால் இரைகிறது.
மேல்வீட்டுக்காரரும் போய்விட்டார்கள் போல.

இரண்டு பக்கம் போதாது என்று சொல்லப் போனேன்.
"அக்கா, ஒரு பக்கத்தை வீட்டு முகவர் எடுத்திட்டார்,
நீங்கள் ஒன்றிலை முடியுங்கோ."

சரி.
அந்தப் பதினொரு நிமிடத்தை எழுதிக் கொடுத்தேன்.
எங்கே பாட்டு என்று கேட்டார்கள்.