சேனைக்கு ஒரு போத்தல்

வெலிமடையில் கோவா ஏற்றிக்கொண்டிருக்கும்போது
பெரிய மச்சான் ஃபோனில் சொன்னார்:
"பிள்ளைக்குச் சேனை வைக்கணும்,
நல்ல தேனாய் ஒரு போத்தல் பார்."
நல்லது என்றால் எப்படி என்று
அவரும் சொல்லவில்லை,
நானும் கேட்கவில்லை.
மூட்டை எண்ணிக்கை தவறிவிடும் என்று வைத்துவிட்டேன்.

பெரகலைச் சந்தியில் சுமணதாச
ஐந்து சாராயப் போத்தல்களைப்
பனிக்குள் வரிசையாய் நிறுத்தியிருந்தான்.
முதலாவது, டர்பன்டைன் பூத்த மாதத்துத் தேன்.
மூடி திறந்ததும்
நெஞ்சுச்சளித் தைலத்துக்குத்
தூரத்துச் சொந்தம் போல ஒரு வாசம்.
இரண்டாவது பாறைத்தேன், தேயிலைச் சாயத்தின் நிறம்.
எடுத்தவனுக்குக் கண்வீக்கம் இன்னும் வற்றவில்லையாம்.
மூன்றாவது தேனே இல்லை, கித்துள் பாணி.
அதை அவனே சொல்லிவிட்டான்.
அதனால் மற்றதையும் கொஞ்சம் நம்பத் தோன்றியது.
நாலாவதும் ஐந்தாவதும் ஒன்றுதான்,
விலை மட்டும் வேறு.
ஏன் என்றேன்.
"அது வெள்ளைக்காரருக்கு" என்றான்.

தீக்குச்சியைத் தேனில் தோய்த்து உரசு,
பற்றினால் அசல் என்றான்
லொறியில் கூட வந்த ஞானப்பிரகாசம்.
தோய்த்து உரசினேன், பற்றவில்லை.
தோய்க்காத குச்சியை உரசினேன்,
அதுவும் பற்றவில்லை.
"இந்த மாசம் இங்கே அடுப்பே பத்தாது மாத்தயா"
என்று சிரித்தான் சுமணதாச.

தண்ணீரில் நூலாய் இறங்கும் என்பார்கள்.
சீனிப்பாகும் நூலாய்த்தான் இறங்கும்.
நாய் நக்காது என்பார்கள்.
சந்தி நாய்க்கு அந்த விதி தெரியவில்லை.
எறும்பு மொய்க்காது என்பார்கள்.
எறும்பு வராமலிருப்பதை
எவ்வளவு நேரம் நின்று பார்ப்பது?
பின்னால் கோவா வாடிக்கொண்டிருக்கிறது.

கொழும்பில் இறக்கிவிட்டு
வெறும் லொறியோடு திரும்புகையில்
பண்டாரவளையில் ஹில்மி நானாவின் கடை.
கண்ணாடி அலுமாரியில் வெளிநாட்டுத் தேன்,
கரடி உருவத்துப் பிளாஸ்டிக்கில்.
விலையைப் பார்த்தேன்.
கரடியும் என்னைப் பார்த்தது.
அதற்குப் பின்னால், தூசியில்,
பாதிவரை வெள்ளையாய் உறைந்த ஒரு பெட்டித்தேன்.

"சீனி கலந்தது" என்றேன்.
நானா கோபிக்கவில்லை.
சுடுதண்ணிக்குள் போத்தலை நிறுத்திவிட்டு
எனக்கொரு பிளேன்டீ ஊற்றினார்.
"நல்லதும் குளிருக்கு உறையும்,
கள்ளமும் சிலநேரம் உறையும்.
பார்த்துச் சொல்ல எனக்கும் தெரியாது.
யாரிட்ட வாங்கினேன் என்று மட்டும் சொல்லுவேன்"
என்று கொப்பியைத் திருப்பிக் காட்டினார்:
ஒரு பெயர், ஒரு தேதி, ஏழாம் பெட்டி.
இரண்டாவது டீ முடிகையில்
விளிம்பு மட்டும் இளகியிருந்தது.

ஒரு கரண்டி நாக்கில் வைத்தேன்.
முதலில் இனிப்பு.
பிறகு, விழுங்கி முடித்தபின்,
தொண்டை திரும்புகிற இடத்தில்
காய்ந்த புல் மாதிரி ஒரு சின்னக் கசப்பு.
அதற்காகத்தான் வாங்கினேன்.
இனிப்பு எல்லாப் போத்தலிலும் இருந்தது.

லயத்துக்கு வந்தால்
வாசலில் மிட்வைஃப் மிஸ், கையில் குடை.
"ஒரு வயசு ஆகும்வரை தேன் கூடாது.
ஒரு சொட்டும் கூடாது."
எங்கள் பழக்கம் என்று இழுத்தார் மச்சான்.
அவர் வாயைப் பார்த்தபடியே
கார்டில் ஏதோ எழுதினாள்,
பேனையை மூடினாள்.
சேனை அத்தோடு முடிந்தது.

இரவு இரண்டு மணி.
பால் கொடுத்துக் கிடத்திவிட்டு
யோகமலர் கேட்டாள்: "அந்தப் போத்தல் எங்கே?"
ஆறிய ரொட்டியைப் பிய்த்து
அதில் ஊற்றச் சொன்னாள்.
தின்றாள். "கசக்குது" என்றாள்.
"இன்னும் கொஞ்சம் விடுங்க."

பெயர், ஆஸ்பத்திரி, தொட்டில் கட்டுகிற வளை
எல்லாம் நாங்களே முடிவு செய்திருந்தோம்.
இந்த ஒன்பது மாதத்தில்
அவளாக வாய்விட்டுக் கேட்டது
இதுதான் என்று நினைக்கிறேன்.

மூடியின் மரையில் ஒட்டியிருந்ததை
விரலால் வழித்து நக்கினாள்.
பிறகு பிள்ளையைத் தொடமுன்
இருட்டில் பீலிக்குப் போய்
கையை இரண்டு தரம் கழுவிவிட்டு வந்தாள்.