தாள் நாற்பத்திரண்டு

கடிதம் இரண்டே வரி.
கோரிய பதிவு எம்மிடம் இல்லை.
உடன்பாடில்லையெனில் மீளாய்வு கேட்கலாம்.
இல்லை என்று சொல்ல அவர்களுக்கு
இருபது வேலை நாட்கள் பிடித்தன.

நான் கேட்டது பெரிய இரகசியமில்லை.
பெப்ரவரி, வியாழக்கிழமை, நாற்பத்தொரு பாகை வெயில்.
விளையாட்டுச் சாமான் கொட்டிலுக்குள்
என் மகன் எவ்வளவு நேரம் இருந்தான்,
கதவைச் சாத்தியது யார், திறந்தது யார்.
அன்றைக்கு வேறொரு பிள்ளையின் சேட்டோடு வந்தான்.
மணிக்கட்டில் வீக்கம்.
கேட்டால், "பந்துகள்" என்றான்.
இன்றுவரை அந்த ஒரு சொல்தான்.

நான் கவுண்டரில் நிற்க நிற்கத்தான்
சம்பவப் படிவத்தை நிரப்பினார்கள்,
மூலையில் பென்சிலால் இலக்கம் போட்டு
நீலக் கோப்பில் செருகினார்கள்.
ஜூலை விடுமுறையில்
தகர வகுப்பறைகளை லொறியில் ஏற்றியபோது
கோப்பும் போயிருக்கலாம் என்றார் அதிபர்.
"போயிருக்கலாம்" என்பதை
நான் திகதி போட்டு எழுதிவைத்தேன்.

ஆஸ்பத்திரிச் சலவைப் பகுதியில்
இரவில் துணி எண்ணுகிறவள் நான்.
ஒரு தலையணை உறை குறைந்தால்
மூன்று பேரைக் கூப்பிட்டுக் கேட்பார்கள்.

பிளாக்டவுன் நூலகத்தில் செவ்வாய்க்கிழமை
சமாதான நீதவான் வந்து இருப்பார், காசில்லை.
எனக்கு முன்னால் கார் விற்ற ஒருவர்,
பாஸ்போர்ட் தொலைத்த ஒரு பெட்டை.
என் சத்தியக் கடதாசி ஆறு பக்கம்.
அவர் ஒரு வரி வாசிக்கவில்லை,
வாசிப்பது தன் வேலையில்லையாம்.
"இதெல்லாம் உண்மையா?"
"ஓம்" என்று தமிழில் வந்துவிட்டது.
திருத்திச் சொன்னேன்.
முத்திரை சரிந்து விழுந்தது,
ஆறு பக்கத்திலும் அதே சரிவு.

தீர்ப்பாயம் என்றால் மேடை இருக்கும்,
கறுப்பு அங்கி இருக்கும் என்று நினைத்திருந்தேன்.
நீள மேசை, தண்ணீர்ப் போத்தல்,
கண்ணாடியைத் தலையில் ஏற்றிவிட்ட ஒரு பெண்மணி.
நான் சொல்லிப் பயின்ற எதையும் அவர் கேட்கவில்லை.
திணைக்களத்தின் பக்கம் திரும்பினார்:
எங்கே தேடினீர்கள்?
எந்தப் பெயரில் தேடினீர்கள்?

பாடசாலைக் காரியதரிசி பிரெண்டா ஹொல்பர்ட்
சத்தியம் செய்துவிட்டுச் சொன்னார்:
குடும்பப் பெயரில். குகதாசன்.
அலுமாரி, கொள்கலன், கணினி. மூன்றிலும் இல்லை.

எனக்குச் சிரிப்பு வந்திருக்கக்கூடாது.
சேர்த்த நாளே பெயரை
முன்பின்னாக ஏற்றியவர்கள் நீங்கள்தானே, அம்மா.
உங்கள் இடாப்பின்படி
சேரலன் இல்லை, அவன் தகப்பன்தான்
மூன்று வருடம் உங்களிடம் படித்தார்.
சேரலன் என்று தேடுங்கள்.
அதுதான் நீங்கள் வைத்த குடும்பப் பெயர்.

இரண்டு கிழமையில் கோப்பு வந்தது.
தடுப்பூசி அட்டை, நிலக்கடலை ஒவ்வாமை,
மிருகக்காட்சிச்சாலைக்குக் கூட்டிப்போக என் சம்மதம்.
முப்பத்தொன்பது. நாற்பது. நாற்பத்தொன்று.
நாற்பத்துமூன்று.

விரலை நக்கித் திரும்பப் புரட்டினேன்.
ஒட்டியிருக்குமோ என்று ஊதியும் பார்த்தேன்.

இல்லாத தாளைத் தரச்சொல்லி
ஆணையிட முடியாது என்றார் பெண்மணி.
வருத்தம் காட்டாமல் சொன்னார்;
எனக்கு அது பிடித்தது.
பிறகு தன் முடிவில் எழுதினார்:
நாற்பத்திரண்டாம் தாள் இருந்திருக்கிறது.
இப்போது கோப்பில் இல்லை.
ஏன் என்று எவரும் விளக்கவில்லை.

இலவசச் சட்ட நிலையத்துப் பெடியன்
அதை இரண்டு தரம் வாசித்தான்.
"வென்றதாகச் சொல்லமாட்டேன், அக்கா.
ஆனால் அடுத்த வழக்கை
இதில் இருந்து தொடங்கலாம்."

வீட்டுக்கு வந்தேன். மகன் நித்திரை.
பென்சில் தேடி எடுத்து
அந்த முடிவின் வலது மூலையில்
42 என்று போட்டேன்.
நாற்பத்தொன்றுக்கும் நாற்பத்துமூன்றுக்கும் நடுவில்
அதற்குத் துளை போடவேண்டும்.
துளை போடுகிற மெஷின் பழுது.
ஆணியால் குத்தினேன்.