சுருள் தெரிகிறதா?

கம்பம்மெட்டுச் செக்போஸ்ட் தாண்டி இரண்டாவது வளைவில்
குரியாச்சனின் ஏலக்காய் ஸ்டோர்.
இராக்காவல் எனக்கு.
அடுப்புக்கு விறகு கொடுக்க வேண்டும்,
உலர்த்தும் அறையின் சூடு ஐம்பதைத் தாண்டாமல் பார்க்க வேண்டும்.
தாண்டினால் காய் வெளிறிவிடும்,
ஏலத்தில் கிலோவுக்கு இருநூறு போச்சு.
ஒரு கட்டைக்கும் மறு கட்டைக்கும் நடுவே
நாற்பது நிமிஷம் சும்மா.

அந்த நாற்பது நிமிஷத்தில் போனில் படம் பார்த்தேன்.
சினிமா இல்லை.
வானத்தில் நிற்கிற தொலைநோக்கி ஒன்று
எடுத்துக் குவித்த பொட்டுப் பொட்டான படங்கள்.
இயந்திரத்துக்கு இன்னும் சரியாகச் சலிக்கத் தெரியவில்லையாம்,
மனிதக் கண் வேண்டுமாம், சம்பளம் கிடையாது.
உருண்டையா, தட்டையா?
சுருள் தெரிகிறதா? எத்தனை கை?

சலிக்கத் தெரிந்தவன்தான்.
இரவுக்கு மாறுமுன் பதினோரு வருஷம்
எட்டு எம்எம் சல்லடையில் நின்றவன்.
பெயரும் சுருளிவேல்,
சுருளித் தீர்த்தத்தில் முடியிறக்கி வைத்தது.

ஆடி மாசம். மூன்று வாரமாய் மேட்டில் வானமே இல்லை.
மஞ்சு இறங்கி ஜீப் விளக்கைத் தின்றது.
டவரும் அப்படித்தான்,
கதவோரம் கேரளா, கிழக்கே நாலடி நகர்ந்தால் தமிழ்நாடு,
நடுவில் நின்றால் திரையில் வெறும் வட்டம் சுற்றும்.
சுற்றிச் சுற்றி ஒன்று இறங்கியது, இரவு இரண்டே கால்.
சிவப்பாய் ஒரு புள்ளி.
அவசரக்காரன் உருண்டை என்று தொட்டுவிட்டுப் போவான்.
கண்ணாடியை வேட்டியில் துடைத்துப் பார்த்தேன்,
காயில் வால் ஒட்டியிருக்கிறதா என்று பார்க்கிற பார்வை.
இருந்தது.
நடுவில் சிறு கட்டைபோல ஒரு பட்டை,
இரு நுனியிலும் கை கிளம்பி,
ஒன்று இறுக்கமாய்,
மற்றது பாதி வழியில் கிழிந்து,
கிழிந்த இடத்தில் வெளிச்சமாய் மூன்று முடிச்சு.
ஆம் என்று தொட்டேன்.
திரும்பிப் பார்த்தால்
சூடு நாற்பத்திரண்டுக்கு இறங்கியிருந்தது.

மறுவருஷம் மார்கழியில் மெயில் வந்தது.
பில் போடும் ஜெசிந்தா வாசித்துச் சொன்னாள்:
"வெளிச்சம் கிளம்பி ஆயிரத்து நூறு கோடி வருஷமாம் அண்ணே.
கிளம்பும்போது நீலமாம்,
வெளி விரிய விரிய இழுபட்டுச் சிவந்துபோச்சாம்."
எத்தனை டிகிரியில் என்று கேட்டேன். சிரித்தாள்.
"அந்தக் காலத்தில எல்லாம் கட்டி கட்டியா
மோதிக் குழம்பிக் கிடந்திருக்கணுமாம்.
இது மட்டும் எப்படி அவ்வளவு சீக்கிரம்
கை வீசிச் சுத்தக் கத்துக்கிச்சுன்னு அவங்களுக்கே விளங்கலியாம்.
ஒரு சுத்துக்கு இருபது கோடி வருஷம்."

கண்டவர் பட்டியலில் நாற்பத்தொரு பெயர்.
என்னுடையது முப்பத்தாறாவது.
ஊர் கேட்டிருந்தார்கள்.
ரேஷன் கார்டு கம்பத்தில், கூலி இடுக்கியில்,
அந்தப் படம் எந்த டவரில் இறங்கியதோ.
ஜெசிந்தா கம்பம் – கம்பம்மெட்டு என்று போட்டாள்,
பஸ் போர்டு மாதிரி.

குரியாச்சனிடம் சொன்னேன்.
"கொள்ளாம்" என்றார். கொஞ்ச நேரம் கழித்து,
போன ஆடியில் ஒரு லோடு ஈரமாய் வந்ததற்குக்
காரணம் இப்போதுதான் புரிகிறது என்றார்.

எழுத்தும் எண்ணுமாய் அதற்குப் பெயர், லாரி நம்பர் போல.
இப்போது எப்படி இருக்கிறதோ.
கிழிந்த கை ஒட்டியிருக்குமா,
அந்த மூன்று முடிச்சும் எரிந்து தீர்ந்திருக்குமா.

நேற்று மஞ்சு விலகியது.
கீழே கம்பம் முழுக்க விளக்கு.
ஜெசிந்தா காகிதத்தில் குறித்துக் கொடுத்த திசையில்
அண்ணாந்து நின்றேன்.
இரண்டு நட்சத்திரம், நடுவே கருப்பு.
எந்தக் கண்ணுக்கும் எட்டாது என்று தெரியும்.
ஆனாலும் அந்தக் கருப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன்,
முதல் ஜீப் கொண்டை ஊசி ஏறி
ஹாரன் அடிக்கும்வரை.
நடுவில் இரண்டு முறை ஓடிப்போய்க் கட்டை போட்டேன்.