ஒலி கொஞ்சம் வெடிக்கிறது

பிரிந்தபோது கன்சோல் யோலிதாவுக்கு,
ஆட்டத் தட்டுகள் எனக்கு.
யானையைக் கொடுத்துவிட்டு
அங்குசத்துக்கு மல்லுக்கட்டுபவனாக
கிளைபெடா நீதிமன்றத்தின் தாழ்வாரத்தில்
முப்பத்தொரு தட்டுகளுக்காகக் குரலுயர்த்தினேன்.
ஜெயித்தேன்.
மூன்று வருடம் அவை குளிர்பெட்டியின் தலைமேல்
ரொட்டித் துணுக்குகளோடு கிடந்தன.

ஜனவரி.
காற்று நொடிக்கு இருபத்திரண்டு மீட்டர்.
பதினெட்டைத் தாண்டினால் துறைமுகத்தில் கிரேனை நிறுத்திவிடுவார்கள்,
நாற்பதடிப் பெட்டி அந்தரத்தில் ஆடக் கூடாது.
பட்டப்பகலில் வீட்டில் இருக்கிறேன்,
ஜாய்ஸ்டிக் பிடித்துக் காய்த்த இரண்டு கைகளோடு.

எமுலேட்டர் என்றால்
ஓர் இயந்திரம் இன்னோர் இயந்திரமாக வேடம் கட்டுவது.
அரை மணி நேர வேலை விகந்தாஸ், என்றான்
என்னோடு ஷிஃப்ட் பார்க்கும் தௌமந்தாஸ்.
அவன் சொன்ன அரை மணி
சுருட்டிக் கிடந்த கோப்பை எங்கே விரிப்பது என்பதிலேயே போயிற்று.

தட்டுகளை ஒவ்வொன்றாகக் கணினிக்கு ஊட்டினேன்.
பத்தொன்பதாவதில் காப்பிக் கோப்பையின் வட்டம்.
எண்பத்தேழு சதவீதத்தில் நின்று முனகியது.
பற்பசை தடவி, சட்டை நுனியால்
நடுவிலிருந்து விளிம்புக்குத் துடைத்தேன்.
தொண்ணூற்றொன்று. மறுபடியும் பற்பசை.

எல்லாம் ஏற்றியும் பட்டியல் காலி.
கோப்புறைக்கு லிதுவேனியத்தில் ‘விளையாட்டுகள்’ என்று
பெயர் வைத்திருந்தேன்.
முதல் எழுத்தின் தலையிலுள்ள சின்னக் கொக்கி
அதற்கு ஆகவில்லை.
கொக்கியைக் கழற்றினேன்.
எழுத்து மொட்டைத் தலையோடு நின்றது,
முப்பத்தொன்றும் வரிசையாய் வந்தன.

ஒன்றைத் தொட்டேன்.
கறுப்புத் திரை. நடுவில் ஒரு வரி:
பயாஸ் கிடைக்கவில்லை.

கூடு விட்டுக் கூடு பாய
கூடு தயார், பாய வேண்டியது அங்கே இருக்கிறது:
பலாங்காவில், யோலிதாவின் தொலைக்காட்சிக்குக் கீழே.
எங்கிருந்தாவது இறக்கிக்கொள், என்றான் தௌமந்தாஸ்.
எவனுடைய பெட்டியின் உயிரோ எனக்கு எதற்கு?

பதினான்கு மாதங்களில் முதல் செய்தி.
நான்கு முறை அடித்து அழித்தேன்.
ஐந்தாவதில் நலம் விசாரிக்கவில்லை,
கோப்பு வேண்டும் என்று மட்டும்.

லிஃப்டுகளைப் பழுதுபார்ப்பவள்.
பூட்டிய எதையும் திறந்து பார்க்காமல் இருக்க மாட்டாள்.
ஒன்பதாம் நாள் உறை வந்தது,
உள்ளே நகமளவு பென்டிரைவ்,
கட்டணச் சீட்டின் பின்பக்கத்தில் அவள் கையெழுத்து:
‘நான்கு எம்பி. பெயரை மாற்றித் தொலைக்காதே.’

எந்தப் பொத்தான் எதற்கு என்று கேட்டது கணினி.
யோசிக்காமல் கொடுத்திருக்கிறேன்:
இடதில் நகர்வு, வலதில் ஏற்றம் இறக்கம்.
முதல் பந்தயத்தில் என் கார்
சரக்குப் பெட்டிபோல் நிதானமாக வளைந்து
வைக்கோல் பொதியில் போய் அமர்ந்தது.
அழித்து, மறுபடி கட்டினேன்.

அப்புறம் முழங்கை ஏதோ விசையில் பட்டது.
காலம் நான்கு மடங்காக ஓட,
நாங்கள் ஒரு குளிர்காலம் முழுக்க ஆடியும்
முடிக்காத கோப்பைப் பந்தயம்
ஆறு நிமிடத்தில்
கீச்சுக்குரலில் பாடிவிட்டு முடிந்தது.
நான் கடைசி.

வேகத்தைச் சரிசெய்தேன்.
படம் நன்றாக வந்தது, நன்றி, என்று அனுப்பினேன்.
கொஞ்சம் பொறுத்து:
ஒலி கொஞ்சம் வெடிக்கிறது.

தட்டச்சுப் புள்ளிகள் தோன்றின, மறைந்தன, தோன்றின.
‘பஃபரைக் கூட்டு.’
எவ்வளவு?
‘நூறிலிருந்து ஆரம்பி.
அந்தச் சிவப்புக் காரை எடுக்காதே, உனக்கு வராது.’

சிவப்புக் காரை எடுத்தேன்.
மூன்றாம் சுற்றில், பள்ளத்தைத் தாண்டுகையில்
துறைமுகத்திலிருந்து அழைப்பு:
காற்று பதினாறுக்கு இறங்கிவிட்டது, வா.

பழைய பெட்டியில் பந்தயம் முடிந்தால்தான் சேமிக்க முடியும்.
இதில் எங்கே வேண்டுமானாலும்.
நான்கு சக்கரமும் தரைதொடாமல்
சிவப்புக் கார் தொங்கிக்கொண்டிருக்க
சேமித்துவிட்டு
கையுறையைத் தேடினேன்.